விண்மீன் வனைவோர்

2024இல் ஹெபைஸ்டோஸ் திட்டத்தின் வானியலாளர்கள் ஐம்பது லட்சம் விண்மீன்களின் தரவுகளைச் சலித்து ஏழு விண்மீன்களைத் தனியே எடுத்து வைத்தார்கள். அவற்றிலிருந்து வந்த அகச்சிவப்பு ஒளி இருக்கவேண்டிய அளவைத் தாண்டியிருந்தது. விண்மீனின் ஆற்றலைப் பிடிக்க வேற்று நாகரிகங்கள் அதைச் சுற்றிக் கட்டக்கூடிய டைசன் கோளங்கள் அங்கே இருக்குமோ என்று உலகம் பரபரத்தது. சிலவற்றுக்குப் பின்னணியிலிருந்த தொலைதூர விண்மீன்மண்டலங்களே காரணம் என்று வேறு ஆய்வாளர்கள் விரைவிலேயே காட்டிவிட்டார்கள். ஆனாலும் அந்தப் பரபரப்போடு ஒரு பழைய கூற்றுக்கு மறுபடி மவுசு வந்தது: விண்மீன்களைத் திருத்தி அமைக்கும் கதைகள் எல்லாமே பொறியாளர்களின் கனவு, விண்மீன் என்பது எரிபொருள், எவ்வளவு ஆற்றலை உறிஞ்சுகிறது என்பதே ஒரு நாகரிகத்தின் உயரம். ஆற்றல் பயன்பாட்டை வைத்து நாகரிகங்களுக்கு 1964இல் கர்தாஷேவ் வகுத்த படிநிலைகளை இதற்குச் சான்றாக நீட்டுகிறார்கள்.

இலக்கியத்தைப் படித்தவர்கள் இதை ஒப்புக்கொள்ள முடியாது. விண்மீனில் முதலில் கைவைத்தவர்கள் கலைஞர்கள்.

திரிசங்குவுக்காகத் தென்திசையில் புதிய சப்தரிஷி மண்டலத்தையும் நட்சத்திர வரிசைகளையும் படைத்த விசுவாமித்திரர் ஆற்றலுக்காக அதைச் செய்யவில்லை. கோபமும் வைராக்கியமும் கொண்ட ஒரு படைப்பாளியின் எதிர்வினை அது. தேவர்களின் வானத்துக்குப் போட்டியாக இன்னொரு வானம். இப்படிப் பல பழங்கதைகளிலும் உண்டு. அவற்றைக் கடந்து, நவீன மரபின் ஊற்றுக்கண்ணான 1937க்கு நேரே போய்விடலாம்.

அந்த ஆண்டில்தான் ஓலஃப் ஸ்டேபிள்டனின் ‘ஸ்டார் மேக்கர்’ வந்தது. முதல் உலகப் போரில் துப்பாக்கி ஏந்த மறுத்து ஆம்புலன்ஸ் ஓட்டியவர் ஸ்டேபிள்டன். இன்னொரு பெரும்போர் வாசலில் நின்றபோது இந்நாவலை எழுதினார். விண்மீன்களைச் சுற்றி ஒளியைப் பிடிக்கும் வலைகளைக் கட்டும் நாகரிகங்கள் இதில் வருகின்றன. டைசன் கோளத்தின் விதை அதுவே. பொறியியல் அன்பர்கள் அதோடு புத்தகத்தை மூடிவிடுகிறார்கள். அடுத்து வருவதுதான் அபாரம். விண்மீன்களை அவற்றின் பாதையிலிருந்து இடம்பெயர்க்க அந்த நாகரிகங்கள் முயல்கின்றன. விண்மீன்கள் சீறி வெடிக்கின்றன, கோள்கள் கருகுகின்றன. ஏதோ விபத்து என்றே முதலில் எண்ணுகிறார்கள். பிறகுதான் தெரிகிறது, விண்மீன்களுக்கு உயிரும் மனமும் உண்டு என்று. விண்வெளியில் அவை செல்லும் தடம் ஒரு நடனம். அந்த நடனத்தின் ஒழுங்கைக் காப்பதே அவற்றின் வாழ்வு. ஆடிக்கொண்டிருந்தவர்களை இவர்கள் பிடித்து இழுத்திருக்கிறார்கள்.

நாவலின் உச்சியில் வரும் படைப்பாளியும் கலைஞனே. பிரபஞ்சம் பிரபஞ்சமாக வனைந்து பார்க்கிறான். முற்றாதவை, இசையால் மட்டும் ஆனவை, கைவிடப்பட்டவை எனப் பல வரைவுகள். நம்முடையதும் அவற்றில் ஒன்று. அதில் துடிக்கும் உயிர்களை அவன் பார்ப்பது கனிவோடு அல்ல, படைப்பை எடைபோடும் விமர்சகனின் குளிர்ந்த கண்ணோடு. கதைசொல்லிக்கு அது தாங்க முடியாத வேதனை. வழிபடவும் முடியவில்லை, வெறுக்கவும் முடியவில்லை. ஒரு படைப்புக்காக அதில் வாழும் உயிர்கள் துடிக்கலாமா? கலையின் அறம் குறித்து அறிவியல் புனைவு எழுப்பிய மிகப்பெரிய கேள்வி இதுதான். ஸ்பானிய மொழிபெயர்ப்புக்குப் போர்ஹெஸ் முன்னுரை எழுதியது தற்செயல் அல்ல.

பின்னர் வந்தது வறட்சி. 1960இல் ஃப்ரீமன் டைசன் ‘சயன்ஸ்’ இதழில் ஒரு சிறு கட்டுரை எழுதினார். வியாழனின் பொருண்மையைப் பிரித்து, சூரியனைச் சுற்றி இரண்டு மூன்று மீட்டர் தடிமனுள்ள ஓடாகப் பரப்பலாம் என்பது அதன் கணக்கு. டைசன் நேர்மையானவர், ஸ்டேபிள்டனிடமிருந்தே எடுத்ததாகப் பின்னர் வெளிப்படையாகச் சொன்னார். அவரைப் பின்பற்றியவர்கள் வலையை எடுத்துக்கொண்டு நடனத்தை விட்டுவிட்டார்கள். லாரி நிவெனின் ‘ரிங்வேர்ல்ட்’ (1970) அந்தப் போக்கின் கொடுமுடி. அடுத்த ஆண்டு அறிவியல் புனைவு மாநாட்டில், நாவலில் விண்மீனைச் சுற்றி வரும் அந்த வளையம் நிலைத்து நிற்காது என்று மாணவர்கள் கோஷமிட்டார்கள். அதைச் சரிசெய்ய நிவென் இன்னொரு நாவலே எழுதினார். ஒரு முழுத் தலைமுறையின் கற்பனை வளையத்தின் இழுவிசையைச் சரிபார்ப்பதில் செலவானது.

ஆர்தர் கிளார்க் இரண்டுக்கும் நடுவில் நிற்கிறார். ‘2010’ (1982) நாவலில் வியாழனை நெருக்கி இரண்டாம் சூரியனாக எரியவைக்கிறார்கள். அதன் நிலவான யூரோப்பாவின் பனிக்கடியில் உள்ள உயிர்கள் தழைக்க வேண்டும் என்பதற்காக. வியாழனின் மேகங்களில் மிதந்து வாழும் உயிர்கள்? அவற்றுக்கு எதிர்காலம் இல்லை என்று யாரோ தீர்ப்பெழுதிவிட்டார்கள். கிளார்க் இதை மறைக்கவில்லை, ஆனால் அங்கே நிற்கவும் இல்லை.

நின்று பார்த்தவர் லியூ சிஷின். ஷான்சி மாகாணத்தில் ஒரு மின்நிலையத்தில் வேலைபார்த்த பொறியாளர். ‘முப்பொருள் சிக்கல்’ 2015இல் ஹியூகோ விருது வாங்கிய பிறகு, அதன் வெளிச்சத்தில் அவருடைய ‘பெருங்கலை’ வரிசைக் கதைகள் மூன்றும் மங்கிப்போயின. அநியாயம் இது. அவருடைய மேதைமை முழுதாக வெளிப்பட்டது இந்தச் சிறிய கதைகளில்தான்.

‘கனவுக் கடல்’ கதையில், பனிச்சிற்பப் போட்டி ஒன்றைப் பார்த்துவிட்டு ஒரு வேற்றுலகக் கலைஞன் இறங்கி வருகிறான். தானும் பனிக்கலைஞன் என்கிறான். பூமியின் கடல்களைக் கட்டிகட்டியாக உறையவைத்து, விண்ணில் ஒரு வளையமாகக் கோக்கிறான். படைப்பு முடிந்ததும் போய்விடுகிறான். கீழே உலகம் வறண்டு கிடக்கிறது. கொடூரம் எதுவென்றால், வளையம் உண்மையிலேயே பேரழகாக இருப்பது. லியூ அந்த அழகைக் குறைத்துக் காட்டித் தப்பிக்கவில்லை. ‘களிப்பின் பாடல்’ கதையில் விண்மீன்களையே வாத்தியமாக வாசிக்கும் ஒரு மாபெரும் கண்ணாடி வருகிறது. மூன்றிலும் ஆழமானது ‘கவிதை மேகம்’. கடவுளுக்கு நிகரான தொழில்நுட்பம் கொண்ட ஓர் உயிர் சீனக் கவிதைமேல் மயங்கி, பெருங்கவி லி பாயின் உருவெடுக்கிறது. அவரை மிஞ்ச முடியாமல் ஒரு குறுக்குவழி காண்கிறது: எழுத்துகளை எல்லா வகையிலும் கோத்து, எழுதப்படக்கூடிய அத்தனை கவிதைகளையும் எழுதிவிடுவது. அவற்றைச் சேமிக்கச் சூரியனும் கோள்களும் கரைக்கப்படுகின்றன. லி பாயை வென்ற கவிதைகளும் அந்த மேகத்தில் இருக்கின்றன. எது நல்ல கவிதை என்று கண்டெடுக்கத்தான் அந்தக் கடவுளுக்குத் தெரியவில்லை. எண்ணற்ற வரிகளை இயந்திரங்கள் கொட்டும் இந்நாளில், 2003இல் வெளியான இக்கதையை நாம் இன்னும் போதிய அளவு பேசவில்லை.

இவை வெறும் கற்பனைச் சிக்கல்கள் என்று ஒதுக்கவும் முடியாது. 2018 ஜனவரியில் ராக்கெட் லேப் நிறுவனம் நியூசிலாந்திலிருந்து ‘ஹ்யூமானிட்டி ஸ்டார்’ என்ற கண்ணாடிக் கோளத்தை ஏவியது. 65 பளபளக்கும் முகங்கள், சுமார் ஒரு மீட்டர் அகலம். மனிதகுலம் அண்ணாந்து பார்த்து ஒன்றுபடட்டும் என்பது நோக்கம். வானியலாளர்கள் கொதித்தார்கள், எல்லோருக்கும் சொந்தமான இரவில் யாரைக் கேட்டு வைத்தீர்கள் என்று. இரண்டே மாதத்தில் அது வளிமண்டலத்தில் விழுந்து எரிந்தது. ஸ்டேபிள்டனின் கேள்வி அந்தச் சண்டையில் அப்படியே இருந்தது.

இன்று எழுத வருகிறவர்கள் கோளத்தின் தடிமனையும் வளையத்தின் சமநிலையையும் பொறியாளர்களிடமே விட்டுவிடலாம். கடல் போனபின் கரையில் நின்றவர்களை, சூரியனை இழந்து ஒரு கவிதைத் தொகுப்பைப் பெற்றவர்களை லியூ எழுதிக் காட்டினார். கிளார்க் சில பக்கங்களில் கடந்துபோன வியாழனின் மேக உயிர்களுக்கு ஒரு முழு நாவல் தேவைப்படுகிறது, அவற்றின் பக்கம் நின்று, அந்தப் புதிய சூரியன் எரியத் தொடங்கும் நாள்வரை.