மந்திர ஆடையும் யூசுஃபின் சட்டையும்

நூல் என்னும் சொல் தமிழில் இழையையும் குறிக்கும், ஏட்டையும் குறிக்கும். பவணந்தி முனிவர் நன்னூற் பாயிரத்திலே சொல்லைப் பஞ்சாகவும், புலவனை நூற்கும் பெண்ணாகவும், அவன் வாயைக் கையாகவும், மதியைக் கதிராகவும் உருவகம் செய்தார். அரபியிலோ, கவிதை நெசவின் ஒரு வகையே என்று ஒன்பதாம் நூற்றாண்டிலேயே ஜாஹிஸ் எழுதி வைத்தார். ஆகவே துணியைப் பற்றிக் கதை சொல்பவன், அறிந்தோ அறியாமலோ, தன் தொழிலைப் பற்றியே சொல்கிறான்.

இன்று பிள்ளைகள் விரும்பிப் படிக்கும் மாயக் கதைகளில் மந்திர நெசவு ஒரு சாத்திரமாகவே வளர்ந்துவிட்டது. இன்ன நிற இழை காயத்தை ஆற்றும், இன்ன முடிச்சு பகைவனைக் கட்டும் என்று அவற்றில் விதிகள் உண்டு. இவற்றைப் படிக்கலாமா என்று மதரஸா மாணவர் என்னிடம் கேட்பதுண்டு. முடிச்சுகளில் ஊதுவோரின் தீங்கைவிட்டுப் பாதுகாவல் தேடுமாறு ஸூரத்துல் ஃபலக் கற்பிக்கிறதே என்பது அவர்களின் தயக்கம். தயக்கம் நியாயமானதே. எனினும் சிஹ்ரு செய்வது வேறு, சிஹ்ரைப் பற்றிய கதையைக் கதையென அறிந்து படிப்பது வேறு. என் குறை மார்க்கத்தின் பெயரால் எழுவதன்று. இலக்கியத்தின் பெயரால் எழுவது.

பறக்கும் கம்பளத்தை எடுத்துக்கொள்வோம். அதை அரபியரின் கற்பனைக்கு அடையாளமாக உலகம் கொண்டாடுகிறது. ஆனால் அந்தக் கம்பளம் வரும் இளவரசர் அஹ்மதின் கதைக்குப் பழைய அரபிக் கையெழுத்துப் பிரதி கிடையாது. அலெப்போ நகரத்துக் கிறிஸ்தவரான ஹன்னா தியாப் 1709ஆம் ஆண்டு பாரிஸில் வாய்மொழியாகச் சொல்ல, கல்லான் என்னும் பிரெஞ்சு அறிஞர் கேட்டு எழுதிய கதைகளுள் அதுவும் ஒன்று. அதிலே மூத்த இளவரசன் ஹுஸைன் கம்பளத்தை வாங்கும் ஊர் பிஸ்நகர். அது நம் விஜயநகரமே. தென்னாட்டுக் கடைத்தெருவையும் அங்கே குவிந்த துணிகளையும் வியந்து வருணிக்கும் கதை, கம்பளத்தின் விலையைச் சொல்கிறது; தரகனைக் காட்டுகிறது. நெய்தவன் யார் என்று மட்டும் கேட்கவில்லை. வாணிகன் கண்ணால் பார்த்த கதை அது.

நபி ஸுலைமான் (அலை) அவர்களின் கம்பளம் இதற்கு நேர்மாறானது. திருமறை சொல்வது காற்று அவருக்கு வசப்படுத்தப்பட்டது என்பதையே. கம்பளம் அதில் இல்லை. பொன்னும் பட்டும் கலந்து ஷைத்தான்கள் அதை நெய்தார்கள் என்பது ஸஃலபீ முதலியோரின் நபிமார் வரலாறுகளில் வரும் செய்தி. ஆயினும் அங்கே நெய்தவர் உண்டு, துணிக்கு ஆற்றல் இல்லை. சுமப்பது காற்று, காற்றைச் செலுத்துவது இறைக் கட்டளை. தம் தலைவர் கோலின்மேல் சாய்ந்தபடியே இறந்துவிட்டதைக்கூட, அக்கோலைப் பூச்சி அரித்து அவர் உடல் சாயும்வரை அறியாதவர்கள் அந்த ஜின்கள். அவர்கள் நெய்த துணிக்கு மட்டும் மறைவான ஞானம் எங்கிருந்து வரும்?

இனி, இவ்வகைக் கதைகளையெல்லாம் உரசிப் பார்க்க நம்மிடமுள்ள உரைகல்லுக்கு வருவோம். நபி யூசுஃப் (அலை) அவர்களின் வரலாற்றில் சட்டை மும்முறை வருகிறது. முதலில் சகோதரர்கள் பொய்யான இரத்தம் பூசிக் கொண்டுவருகிறார்கள், சட்டை கிழியவில்லை. பிள்ளையைத் தின்ற ஓநாய் சட்டைக்குச் சேதம் செய்யவில்லையே என்று தந்தை வியந்ததாக விரிவுரையாளர் கூறுவர். அடுத்து, எகிப்திலே சட்டை பின்புறம் கிழிந்திருக்கிறது; அக்கிழிசலே யூசுஃபின் தூய்மைக்குச் சாட்சி. மூன்றாவதாக, அழுது அழுது பார்வையிழந்த யஃகூப் (அலை) அவர்களின் முகத்திலே சட்டை போடப்படுகிறது, பார்வை மீள்கிறது. முன்னிரண்டு இடங்களிலும் சட்டை பேசுவது மனிதரின் வஞ்சகத்தையும் வாய்மையையும். அதன் பிறகே அற்புதம். இந்த வரிசைதான் அழகு.

ஆனால் அச்சட்டை சுவனத்துப் பட்டு, நெருப்புக் குண்டத்தில் இப்ராஹீம் (அலை) அவர்களுக்கு அணிவிக்கப்பட்டது, வழிவழியாய் வந்து தாயத்துப்போல் யூசுஃபின் கழுத்தில் தொங்கியது என்று முன்னோர் கூற்றொன்றை இமாம் பகவீ போன்றோர் எடுத்தெழுதியுள்ளனர். அப்பெரியோரின் கல்விக்கு முன் நான் எம்மாத்திரம்? ஆயினும் கதைச்சுவை நோக்கில் இந்தச் சேர்க்கை நட்டமே என்பேன். சட்டை சுவனத்துத் துணியென்றால் அதை எவர் முகத்தில் போட்டாலும் பார்வை வந்திருக்கும். மகன் உடுத்தியது என்பதற்கு அங்கே பொருளில்லாமற் போகிறது. ஒட்டகக் கூட்டம் எகிப்தை விட்டுப் புறப்பட்டபோதே யஃகூப் (அலை) மகனின் வாசனையை உணர்ந்தார் என்று திருமறை கூறுகிறது. அருகிருந்தோர் உணரவில்லை. அந்த வாசனை சுவனத்துப் பட்டினுடையதானால் ஊரே உணர்ந்திருக்குமே! இறைவன் தன் முஃஜிஸாவுக்கு ஒரு பிள்ளையின் வியர்வை படிந்த உடையைக் கருவியாக்கினான் என்று கொள்ளும்போதுதான் என் நெஞ்சு உருகுகிறது.

உதுமானிய இளவரசர் ஜெம் அவர்களுக்காக 1477இல் தொடங்கி 1480இல் முடிக்கப்பட்ட தாயத்துச் சட்டை இஸ்தான்புல் தோப்காப்பி அரண்மனையில் உள்ளது. தொடங்கிய நேரமும் முடித்த நேரமும்கூட அதில் குறிக்கப்பட்டுள்ளன. மறு ஆண்டே அவர் அண்ணன் பாயஸீதிடம் தோற்றார். அயல்நாடுகளில் சிறையிருந்து 1495இல் நேப்பிள்ஸ் நகரில் மாண்டார். மந்திர நெசவுக் கதை எழுதுவோர் இந்தச் சட்டையைப் பற்றி எழுதலாம். காக்காமற்போன சட்டையில் எத்தனை கதை இருக்கிறது!

நம் காரைக்குடிக் கண்டாங்கியைப் பாருங்கள். தடித்த பருத்தி, கட்டங்கள், அகன்ற கரை. கடுகு மஞ்சளும் செங்கல் சிவப்பும் கறுப்பும். 2019இல் அதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. பாவில் ஓர் இழை அறுந்தால் தறி நிற்கவேண்டும். விரலால் தேடி முடிந்த பிறகே நாடா ஓடும். அந்த முடிச்சில் ஊதும் மந்திரம் ஏதுமில்லை. கண்ணும் பொறுமையும் தேய்வதுதான் உண்டு. இக்கால மாயக் கதைகளில் இந்தத் தேய்மானத்தையே நான் தேடுகிறேன், கிடைப்பதில்லை. அங்கே சொன்னவுடன் இழை ஒளிர்கிறது, பகைவன் விழுகிறான், நெய்தவளுக்கு இடுப்பு வலிப்பதில்லை. செலவில்லாத ஆற்றலில் வாசகனுக்கு அச்சமும் இல்லை, ஆவலும் இல்லை.

பிஸ்நகர்க் கம்பளத்துக்கும் தறியில் குனிந்திருந்த ஒருவன் இருந்திருப்பான். அவனைத் தேடிப் போகும் கதை ஒன்றைத் தமிழில் எவரேனும் எழுதினால், என் மாணவர்களுக்கு அதை நானே வாங்கிக் கொடுப்பேன்.