பிறெக்ற்றின் பேசாப்படமும் மக்கள் நகைச்சுவையும்

1923இல் மியூனிக்கில் உருவான 'சிகையலங்கார நிலையத்தின் மர்மங்கள்' என்னும் ஏறத்தாழ அரைமணி நேரப் பேசாப்படத்தை எரிக் எங்கலும் பேட்டோல் பிறெக்ற்றும் இணைந்து ஆக்கினர். அதன் நாயகர் பீர்மண்டப மேடைகளில் புகழ்பெற்ற நகைச்சுவைக் கலைஞர் கார்ல் வாலன்ரின். இப்படத்தைப் பிறெக்ற்றின் 'அந்நியப்படுத்தல்' கோட்பாட்டுக்கு எடுத்துக்காட்டாகக் கொள்வோர் உளர். 1930களில் உருப்பெற்ற கோட்பாட்டை 1923ஆம் ஆண்டுப் படைப்பின்மீது ஏற்றிக் காண்பது வரலாற்று நோக்கு ஆகாது.

படத்தில் வாடிக்கையாளர் காத்திருக்க, சிகையலங்கரிப்பாளர் சோம்பிக் கிடக்கிறார். பின்னர் அவரது கத்தி ஒருவரின் தலையையே துண்டிக்கிறது. அது மீண்டும் ஒட்டப்படுகிறது. அதிர்ச்சிக்கோ இரக்கத்துக்கோ அங்கு இடமில்லை. பாத்திரத்தோடு ஒன்றிவிடாது, அதன் செயலைப் பார்வையாளர் விலகிநின்று நோக்க நேர்கிறது. இந்நிதானம் வாலன்ரின் மேடையிற் பயின்றது.

1924இல் 'இரண்டாம் எட்வேட்' நாடகத்தைத் தயாரித்தபோது, போரிலே சிப்பாய்கள் எவ்வாறிருப்பர் எனப் பிறெக்ற் வினவ, அஞ்சி வெளிறியிருப்பர் என்றாராம் வாலன்ரின். நடிகர் முகங்களிற் சுண்ணம் பூசப்பட்டது. இதனை வால்ரர் பெஞ்சமின் பதிவுசெய்துள்ளார்.

எனினும், பணவீக்கம் ஜேர்மன் உழைப்பாளரை வாட்டிய 1923இன் துயரம் படத்திற் புலப்படவில்லை. நகைப்பைச் சமூகக் காரணங்களின்பால் திருப்பியது பிறெக்ற்றின் பிற்காலச் சாதனை. அதற்கான நடிப்பு முறையைப் பாமரர் அரங்கு முன்னரே அவருக்கு வழங்கியிருந்தது. கோட்பாட்டைப் போற்றி அவ்வரங்கைக் 'கேளிக்கை' என ஒதுக்கும் முற்போக்கு விமர்சனம் தன் மூலத்தையே மறுப்பதாகும்.