கால்வாயை ஆறாக்கிய கைகள்

நிலவடிவமைப்பாளர் என்றதும் பூச்செடி வைப்பவர், புல்தரை போடுபவர் என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். சிங்கப்பூரின் பீஷான்-அங் மோ கியோ பூங்காவைப் பார்த்தால் அந்த நினைப்பு மாறிவிடும்.

காலாங் ஆறு அங்கே 2.7 கிலோமீட்டர் நீளக் கான்கிரீட் கால்வாயாக, நேர்கோட்டில் ஓடிக்கொண்டிருந்தது. ஜெர்மானிய நிலவடிவமைப்பாளர் ஹெர்பர்ட் டிரைசைட்டலின் குழு அந்தக் கான்கிரீட்டை உடைத்து, ஆற்றை வளைந்து நெளிந்து ஓடவிட்டது. 2012-இல் வேலை முடிந்தபோது அதன் நீளம் 3.2 கிலோமீட்டர்.

கரையைக் கிட்டப்போய்ப் பாருங்கள். மதில் இல்லை, கம்பி வேலி இல்லை. பாறைகளுக்கும் சுள்ளிக் கட்டுகளுக்கும் இடையில் செடிகளை நட்டிருக்கிறார்கள். அவற்றின் வேர்தான் மண்ணைப் பிடித்து நிறுத்துகிறது. எந்த முறை தாங்கும் என்று முதலில் ஒரு சிறு நீரோடையில் சோதித்தும் பார்த்தார்கள். அந்தப் பொறுமை எனக்கு மிகவும் பிடித்தது.

வெயில் நாளில் பிள்ளைகள் கல்மேல் கல்லாகத் தாண்டி ஆற்றைக் கடக்கிறார்கள். பெருமழையில் நீர் புல்வெளிமேல் அகலப் பரவுகிறது. அதற்குமுன் எச்சரிக்கை ஒலி எழும், விளக்குகள் எரியும். வெள்ளத்துக்கென இடம் விட்டுவைத்ததுதான் இந்த வடிவமைப்பின் உயிர். உடைத்த கான்கிரீட்டும் வீணாகவில்லை: பூங்காவுக்குள்ளேயே ஒரு குன்றாகிவிட்டது. நீர்நாய்களும் வந்து சேர்ந்தன!

சிங்கப்பூர் போகிறவர்கள் கடைத்தெருக்களுக்கு நடுவே ஒரு மாலையை இதற்கு ஒதுக்குங்கள். நுழைவுக் கட்டணம் கிடையாது.