இழப்பற்ற ஒலியும் பதிவுக் கடைக் கேசட்டும்: கொங்கு வட்டாரத்தை முன்வைத்து

இசைத்தொகுப்புகளின் சிறப்புப் பதிப்புகளைத் தேடிச் சேர்ப்போரிடையே 'இழப்பற்ற ஒலி' என்னும் அளவுகோல் இன்று ஏறத்தாழ அறநெறியாகவே ஆகிவிட்டது. குறுந்தகட்டில் நொடிக்கு 44,100 மாதிரிகள், மாதிரி ஒன்றுக்கு 16 பிட்; 2001இல் முழுமை பெற்று வெளிவந்த ஃபிளாக் வடிவம் இவற்றுள் ஒன்றையும் விடாமல் சுருக்கித் தருகிறது. எம்பி3 வடிவமோ செவிக்குப் புலப்படாதெனக் கருதுவனவற்றைக் களைந்துவிடுகிறது. இளையராஜாவின் 'ஹவ் டு நேம் இட்?' (1986), 'நத்திங் பட் விண்ட்' (1988) ஆகிய திரைசாராத் தொகுப்புகளின் முதற்பதிப்பைத் தேடுவோர் இவ்வேறுபாட்டை வலியுறுத்துவது நியாயமே. மறுபதிப்பில் ஒலிச்சமன் மாற்றப்படுமாயின் அதுவும் ஒரு பாடவேறுபாடு.

எனினும் 'இழப்பற்ற' என்னும் அடைமொழி கோப்புக்கும் அதன் உடனடி மூலத்துக்கும் உள்ள உறவை மட்டுமே சுட்டும். தேய்ந்த தட்டிலிருந்து எடுத்த ஃபிளாக் கோப்பு அத்தேய்மானத்தையும் இழப்பின்றிக் காக்கும்.

இதனினும் பெரிய சிக்கல் ஒன்றுண்டு. 1980களில் கோவை, ஈரோடு, திருப்பூர் வட்டாரங்களில் பாட்டு கேட்டோர் பலர் தட்டு வாங்கியவரல்லர். பதிவுக் கடையில் பாடல் பட்டியலை எழுதிக் கொடுத்து, 60 அல்லது 90 நிமிட வெற்றுக் கேசட்டில் பதிந்து பெற்றனர். எதைச் சேர்ப்பது, எதை விடுவது, எதன்பின் எது வருவது என்பவற்றைக் கேட்பவரே முடிவுசெய்தார். சிறப்புப் பதிப்பு நிறுவனம் வெளியிடுவது என்பதே இன்றைய வழக்கு. இங்கோ ஒவ்வொரு கேசட்டும் ஒரே படியாக அமைந்த சிறப்புப் பதிப்பு. (பக்கம் தீர்ந்து பாதியில் அறுந்த சரணத்துக்கே பழகிய செவிக்கு முழுப்பாடல் பின்னாளில் அந்நியமாகப் படுவதும் இயல்பு.)

சேகரிப்பாளர் இவற்றை இரைச்சல் மிகுந்த இரண்டாம் தலைமுறைப் படிகள் என ஒதுக்குவர். ஒலித்தர நோக்கில் அது சரி. கேட்பின் வரலாற்று நோக்கில் பெரும்பிழை. அகநானூற்றில் ஒற்றைப்படை எண் பெற்றவை பாலைப் பாடல்கள் என்பதை வைப்புமுறையே உணர்த்துகிறது. பாடல்களை உதிரியாக்கி அம்முறையைக் கைவிடும் பதிப்பை எவரும் ஏற்கமாட்டார். கேசட்டின் வைப்புமுறைக்கு மட்டும் அம்மதிப்பு மறுக்கப்படுவதேன்?

ஆகவே ஆவணப்படுத்துவோர் கேசட்டின் ஒவ்வொரு பக்கத்தையும் பாடல் பாடலாக வெட்டாமல், இரைச்சலை நீக்காமல், ஒரே ஃபிளாக் கோப்பாகப் பதிய வேண்டும். கையெழுத்துப் பட்டியல் உள்ள அட்டையின் இருபுறத்தையும் படமெடுத்து உடன்வைக்க வேண்டும். பரண்களில் கிடக்கும் நாடாக்களின் காந்தப் பூச்சு நலிந்துகொண்டிருப்பதால் இப்பணிக்குக் காலம் குறைவு.