ஓவியத்தின் மூலையில் ஒரு பொய்க் கையொப்பம்: ஆன் பிரோண்டேயும் ஆங்கிலப் புதின வரலாறும்

ஆங்கிலப் புதின வரலாற்றில் பெண் படைப்பாளர்களின் இடத்தைப் பற்றிப் பேசுமிடத்து ஒரு விளக்கம் தவறாமல் முன்வைக்கப்படுவதுண்டு. பெண்கள் எழுதியவற்றைப் பதிப்பாளர்கள் ஏற்க மறுத்தனர். ஆதலால் அவர்கள் ஆண்களின் பெயர்களைப் புனைந்துகொண்டனர் என்பதே அது. இவ்விளக்கம் முற்றிலும் பிழையன்று. ஆயினும் அரை உண்மையே. ஆன் பிரோண்டே 1848இல் வெளியிட்ட 'தி டெனன்ட் ஆஃப் வைல்ட்ஃபெல் ஹால்' (வைல்ட்ஃபெல் மாளிகையில் குடியிருப்பவள்) என்னும் புதினம் இவ்வரை உண்மையைக் கடந்து செல்ல நமக்கு உதவுகிறது. பெண் தன் பெயரை மறைத்ததற்கு நாணமோ பதிப்பாளரின் கதவடைப்போ மட்டும் காரணம் அல்ல. எந்த அளவுகோலால் அவள் அளக்கப்படுவாள், அவள் உழைத்து ஈட்டியது யாருக்கு உடைமையாகும் என்னும் இரு வினாக்களும் அதன் பின்னே நின்றன. அப்புதினமே இவற்றைத் தன் கதைப்பொருளாக்கிக் கொண்டுள்ளது என்பது இக்கட்டுரையின் கருத்து.

பெயரின்மையும் புனைபெயரும்

பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் ஆங்கிலப் புதினச் சந்தையில் பெண்கள் அரியவர்களாக இருக்கவில்லை. ஃபேனி பர்னி 1778இல் 'ஈவ்லினா'வைப் பெயரின்றி வெளியிட்டார் என்பது உண்மையே. ஆனால் ஆசிரியர் யாரென்று வெளிப்பட்ட பின்னர் அவர் புகழ் குன்றவில்லை, வளர்ந்தது. ஆன் ராட்கிளிஃப் 1794இல் 'தி மிஸ்டரீஸ் ஆஃப் உடால்ஃபோ' என்னும் புதினத்திற்கு 500 பவுண்டு பெற்றார். 1811இல் ஜேன் ஆஸ்டினின் முதற் புதினம் வெளிவந்தபோது முகப்புப் பக்கத்தில் ஆசிரியர் பெயர் இருந்த இடத்தில் 'ஒரு சீமாட்டி' என்று மட்டுமே அச்சிடப்பட்டிருந்தது. இங்கு மறைக்கப்பட்டது பெயரேயன்றிப் பால் அன்று. பெயரின்மை பெண்களுக்கு மட்டும் உரியதாகவும் இல்லை. வால்டர் ஸ்காட் 1814இல் 'வேவர்லி'யைப் பெயரின்றியே வெளியிட்டு, 1827 வரை அதைப் பொதுவில் ஒப்புக்கொள்ளாமல் இருந்தார். அதே ஸ்காட், 1818இல் பெயரின்றி வந்த 'ஃபிராங்கன்ஸ்டைன்' புதினத்தை மதிப்புரைக்கும்போது அதைக் கவிஞர் ஷெல்லி எழுதியதாகவே கருதினார். எழுதியவர் மேரி ஷெல்லி.

ஆகவே, பெண் என்று தெரிந்தால் அச்சேறாது என்ற அச்சம் ஒன்றினால் மட்டும் 1840களின் புனைபெயர்களை விளக்கிவிட முடியாது. பிரோண்டே உடன்பிறப்புகள் மூவரும் 1846இல் தம் கவிதைத் தொகுப்பிற்குக் கரர் பெல், எல்லிஸ் பெல், ஆக்டன் பெல் என்னும் பெயர்களைத் தேர்ந்தனர். ஐயத்திற்கிடமின்றி ஆண்களுக்கே உரிய பெயர்களைச் சூட மனச்சான்று இடந்தரவில்லை என்றும், பெண் எழுத்தாளரைத் திறனாய்வாளர்கள் ஒருபுறம் அவர்தம் பெண்மையைக் காட்டித் தண்டிப்பதையும் மறுபுறம் உண்மைப் புகழ்ச்சி அல்லாத முகமனைப் பரிசாக வழங்குவதையும் கண்டிருந்ததாகவும் சார்லட் 1850இல் எழுதினார். அவர்கள் வேண்டியது அச்சேறுவதற்கான நுழைவுச்சீட்டு அன்று. ஒரே தராசில் நிறுக்கப்படும் உரிமை.

இவ்விடத்தில் தமிழ் வாசகர் ஒன்றை எண்ணிப் பார்க்கலாம். 'அவர் எழுதினார்' என்று தமிழில் கூறும்போது ஆசிரியரின் பால் வெளிப்படுவதில்லை. நம் மொழியின் மரியாதைப் பன்மை அதைப் போர்த்திவிடுகிறது. ஆங்கிலத் திறனாய்வாளருக்கோ இரண்டாம் வாக்கியத்திலேயே ஆண்பாற் சுட்டோ பெண்பாற் சுட்டோ தேவைப்பட்டுவிடும். 1847, 1848ஆம் ஆண்டுகளின் மதிப்புரைகள் பெல்களின் பாலைத் துருவித் துருவி ஆராய்ந்ததற்குச் சமூகக் காரணங்களோடு இந்த இலக்கண நெருக்கடியும் ஒரு சிறு துணையாக இருந்திருக்கலாம்.

அத்துருவலின் விளைவு கடுமையாகவே இருந்தது. 'ஜேன் ஐர்' புதினத்தை 1848 டிசம்பரில் 'குவார்ட்டர்லி ரிவ்யூ' இதழில் மதிப்புரைத்த எலிசபெத் ரிக்பி, இதை எழுதியவர் பெண்ணாயின் தக்க காரணத்தால் பெண்ணினத்தின் உறவை இழந்தவராகத்தான் இருக்க வேண்டும் என்ற பொருள்பட எழுதினார். எழுதியவரும் ஒரு பெண்ணே என்பது நோக்கத்தக்கது. 1850இல் சார்லட்டின் 'ஷெர்லி'யை மதிப்புரைத்த ஜார்ஜ் ஹென்றி லூயிஸ் நட்புணர்வு கொண்டவர். எனினும் புதினத்தை விட்டுப் பெண்களின் அறிவாற்றலைப் பற்றிய விவாதத்தில் இறங்கிவிட்டார். தம்மை எழுத்தாளராக அன்றிப் பெண்ணாகவே அளந்துவிட்டாரே என்று சார்லட் மனம் புண்பட்டார். ஆறு ஆண்டுகள் கழித்து, 1856இல், இதே லூயிஸ் தம் துணைவியார் மேரியன் எவன்ஸ் எழுதிய முதற் கதையை, அது ஒரு நண்பர் எழுதியதெனக் கூறிப் பிளாக்வுட் என்னும் பதிப்பாளருக்கு அனுப்பினார். அந்நண்பரே பின்னர் ஜார்ஜ் எலியட் ஆனார். தாம் கையிலேந்திய அளவுகோலின் இயல்பை லூயிஸ் அதற்குள் நன்கு அறிந்திருந்தார் போலும்.

மூலையிலுள்ள எழுத்துகள்

ஆன் பிரோண்டே இவ்விவாதத்திற்கு அளித்த விடை இரு வடிவங்களில் உள்ளது. முதலாவது, தம் புதினத்தின் இரண்டாம் பதிப்பிற்கு 1848 ஜூலையில் ஆக்டன் பெல் என்ற பெயரிலேயே எழுதிய முன்னுரை. நல்ல நூல், எழுதியவரின் பால் எதுவாயினும் நல்ல நூலே என்றும், ஓர் ஆண் எழுதுவதற்குத் தகுவது பெண்ணுக்கும் தகும் என்றும் அதில் அவர் வாதிடுகிறார். இது பலரும் எடுத்தாளும் பகுதி. இரண்டாவது விடை கதைக்குள்ளேயே உள்ளது. அதுவே ஆழமானது.

பாழடைந்த வைல்ட்ஃபெல் மாளிகையில் சிறு மகனோடு குடியேறும் ஹெலன் கிரேயம் என்னும் இளம்பெண் ஓவியம் தீட்டிப் பிழைக்கிறாள். ஐந்தாம் இயலில் அண்டை வீட்டு இளைஞன் கில்பர்ட் மார்க்கம் அவளுடைய ஓவியக்கூடத்திற்கு வருகிறான். மாளிகையை வரைந்த ஓவியத்திற்குத் தொலைவிலுள்ள வேறொரு மாவட்டத்து மாளிகையின் பெயர் இடப்பட்டுள்ளதைக் கண்டு வினவுகிறான். தன் இருப்பிடம் சிலருக்குத் தெரியலாகாது என்றும், மூலையில் பொய்யான முதலெழுத்துகளை இட்டிருந்தாலும் தூரிகையின் போக்கைக் கொண்டு யாரேனும் இனங்கண்டுவிடக் கூடும் என்பதால் இடத்தின் பெயரையும் மாற்றியதாகவும் அவள் விளக்குகிறாள். ஓவியங்கள் இலண்டனுக்கு அனுப்பப்பட்டு விற்கப்படுவதைச் சிறுவனே வெகுளியாகச் சொல்லிவிடுகிறான். புனைபெயரில் எழுதும் ஒரு பெண், புனைந்த எழுத்துகளால் ஒப்பமிடும் ஒரு பெண்ணைத் தன் கதையின் நடுவில் வைத்துள்ளார்.

இக்காட்சியைச் சாண்ட்ரா கில்பர்ட், சூசன் கூபார் ஆகிய இருவரும் 1979இல் வெளியிட்ட 'தி மேட்வுமன் இன் தி ஆட்டிக்' என்னும் நூலில் சுட்டி, வெளித்தோற்றத்தின் அடியில் உண்மையை ஒளித்துவைக்கும் பெண் கலைஞரின் குறியீடாக விளக்கினர். அவ்விளக்கம் ஏற்கத்தக்கதே. ஹெலன் கன்னிப்பருவத்தில் வரைந்த ஓவியங்களின் பின்புறத்தில் காதலனின் முகம் ஒளிந்திருப்பது அதற்கு வலுவூட்டும். ஆயினும் குறியீட்டை மட்டும் நோக்கினால் கதையின் கடினமான பகுதி நழுவிவிடுகிறது. ஹெலன் பெயரை மறைப்பது உளவியற் காரணத்தால் அன்று, சட்டத்தின் காரணத்தால்.

கதை நிகழ்வது 1820களில். அன்றைய ஆங்கிலச் சட்டத்தில் மணமான பெண்ணுக்குத் தனி உடைமை கிடையாது. அவள் ஈட்டும் பொருளும் கணவனுக்கே உரியது. பெண்ணின் சொந்த வருமானத்தை அவளுக்கே உரியதாக்கிய சட்டம் 1870இல்தான் வந்தது. குழந்தை வளர்ப்புரிமையிலும் தந்தையின் உரிமையே முழுமையானது. ஏழு வயதிற்குட்பட்ட குழந்தையைத் தாய் முறையிட்டுப் பெற வழிசெய்த சட்டம் 1839இல் நிறைவேறியது. இப்பின்னணியில் பார்த்தால், குடிகாரக் கணவன் ஆர்தர் ஹண்டிங்டனை விட்டு மகனோடு வெளியேறிய ஹெலன், சட்டத்தின் பார்வையில் கணவனுக்குரிய மகனைக் கடத்தியவள். அவள் விற்கும் ஒவ்வோர் ஓவியத்தின் விலையும் கணவனின் பணம். மூலையில் உண்மையான எழுத்துகளை இட்டால் ஓவியமே அவளைக் காட்டிக்கொடுக்கும் சாட்சியாகிவிடும். இது கற்பனையில் மட்டும் நிகழ்ந்ததன்று. எழுத்தாளர் கேரலைன் நார்ட்டன், பிரிந்து வாழும் மனைவி எழுதிச் சம்பாதித்த பொருளும் சட்டப்படி கணவனையே சேரும் என்னும் கொடுமையை 1854இல் தம் சொந்த வழக்கைக் கொண்டே எடுத்துரைத்தார்.

நாற்பதாம் இயல் இதற்குச் சான்று. மனைவியின் நாட்குறிப்பைப் பறித்துப் படித்து அவளது திட்டத்தை அறிந்துகொண்ட ஹண்டிங்டன், வண்ணங்களையும் தூரிகைகளையும் நெருப்பிலிடுகிறான். சாவிகளையும் பணத்தையும் நகைகளையும் கைப்பற்றுகிறான். அவன் சினம் மனைவி பிரிந்து போவதைப் பற்றியது மட்டுமன்று. கைத்தொழிலால் பிழைத்துத் தனக்கு இழிவு தேட முனைந்தாளே என்பதே அவன் குற்றச்சாட்டு. அவன் எரிப்பது கலையை அன்று, தொழிற்கருவிகளை. புதினத்தின் மையம் இவ்வியல்தான் என்பது என் கருத்து. குடிவெறிக் காட்சிகளைக் கண்டு முகஞ்சுளித்த அக்கால மதிப்புரையாளர்கள் இதைப் பொருட்படுத்தவில்லை. 'ஷார்ப்ஸ் லண்டன் மேகசின்' இந்நூலைப் படிக்க வேண்டாமென வாசகர்களை, சிறப்பாகப் பெண்களை, எச்சரிப்பதையே நோக்கமாகக் கொண்டு மதிப்புரை வெளியிட்டது.

தப்பிச் செல்லும் ஹெலன் ஏற்கும் 'கிரேயம்' என்னும் பெயர் அவள் தாயின் கன்னிப்பருவக் குடும்பப் பெயர் என்பதும் கருதத்தக்கது. கணவன் வழி வந்த பெயரைத் துறந்தவள் தந்தை வழிப் பெயருக்குத் திரும்பவில்லை.

கிழித்தெடுத்த தாள்கள்

இப்புதினத்தின் அமைப்பு நெடுங்காலம் குறையாகவே கருதப்பட்டது. கில்பர்ட் 1847இல் தன் மைத்துனன் ஹால்ஃபோர்டுக்கு எழுதும் மடல்கள் வெளிச்சட்டகம். 16 முதல் 44 வரையுள்ள இயல்களில் அடங்கும் ஹெலனின் நாட்குறிப்பு உள்ளீடு. ஆனைப் பெரிதும் போற்றிய ஜார்ஜ் மூர்கூட 1924இல், நாட்குறிப்பைப் புகுத்தியதால் கதை கெட்டதென்று வருந்தினார். நானும் முதல் வாசிப்பில் அவ்வாறே எண்ணினேன். நாட்குறிப்பு தொடங்குமிடத்தில் கதையின் வேகம் தளர்வது உண்மை. ஆனால் மறுவாசிப்பில் வேறொன்று தென்படுகிறது. ஹெலன் அந்நாட்குறிப்பைக் கில்பர்ட்டிடம் தருமுன் இறுதித் தாள்கள் சிலவற்றைக் கிழித்தெடுத்துக்கொள்கிறாள். இருபது ஆண்டுகள் கழித்து, இப்போது அவள் கணவனாகிவிட்ட கில்பர்ட், அந்நாட்குறிப்பை வேறோர் ஆணுக்குப் படியெடுத்து அனுப்புகிறான். முதற் கணவன் பறித்துப் படித்தான். இரண்டாம் கணவன் அன்போடு பெற்று ஊரறியத் தருகிறான். நல்ல கணவனின் கையிலும் பெண்ணின் எழுத்து அவனுடைய பொருளாகவே இருக்கிறது. கிழிக்கப்பட்ட தாள்கள் மட்டுமே அவளுக்குச் சொந்தம். இதை ஆன் எவ்வளவு தெளிந்து செய்தார் என்று வாதிடலாம். அமைப்பு அதைச் சொல்கிறது என்பதில் ஐயமில்லை.

நூலுக்கு நேர்ந்த கதியும் ஏறக்குறைய இதுவே. பதிப்பாளர் நியூபி இதைப் புகழ்பெற்ற கரர் பெல்லின் நூலென அமெரிக்காவில் விற்க முனைந்தார். அப்பொய்யை மறுக்கவே சார்லட்டும் ஆனும் 1848 ஜூலையில் இலண்டன் சென்று, பெல்கள் ஒருவரல்லர் என்பதைச் சார்லட்டின் பதிப்பாளரிடம் நேரில் மெய்ப்பிக்க வேண்டியதாயிற்று. 1849 மே 28இல் ஆன் ஸ்கார்பரோவில் மறைந்தார். வயது 29, கல்லறைக் கல்லில் 28 என்று பொறிக்கப்பட்டது. அடுத்த ஆண்டு தங்கையரின் நூல்களை மறுபதிப்பிடுகையில் சார்லட் 'வுதரிங் ஹைட்ஸ்', 'ஆக்னஸ் கிரே' ஆகிய இரண்டை மட்டுமே சேர்த்தார். வைல்ட்ஃபெல் கதையின் பொருளைத் தேர்ந்தது முழுத் தவறென்றும், மென்மையான இயல்புடைய ஆனுக்கு அது பொருந்தாதென்றும் எழுதினார். சகோதரன் பிரான்வெல்லின் குடியால் அக்குடும்பம் பட்ட துயரை அறிந்தோர் சார்லட்டின் மனநிலையைப் புரிந்துகொள்வர். நானும் அவரைப் பழிக்க முற்படவில்லை. ஆயினும் எந்த அளவுகோலை அஞ்சிப் பெயரை மறைத்தாரோ, அதே அளவுகோலைத்தான் அவர் தங்கையின்மீது வைத்தார். நூலை ஆராயாமல் எழுதியவளின் இயல்பை ஆராய்ந்தார்.

சார்லட்டின் வாழ்நாளிலேயே, 1854இல், தாமஸ் ஹாட்ஜ்சன் என்னும் பதிப்பாளர் மலிவுப் பதிப்பொன்றை வெளியிட்டார். அதில் பல பகுதிகள் நீக்கப்பட்டன. ஹால்ஃபோர்டுக்கு எழுதிய தொடக்க மடலும் காணாமற் போனது. பிற்கால ஆங்கிலப் பதிப்புகள் பலவும் அச்சிதைந்த பாடத்தையே பின்பற்றின. செம்மையான ஆய்வுப் பதிப்பு ஆக்ஸ்ஃபோர்டின் கிளாரெண்டன் வரிசையில் 1992இல்தான் வந்தது. அமைப்பில் குறை கண்ட திறனாய்வாளர் பலரின் கையிலிருந்த நூலில் அவ்வமைப்பின் வாயிலே இல்லை என்பதை நாம் மறத்தலாகாது.

புதினத்தின் எழுச்சியை டீஃபோ, ரிச்சர்ட்சன், ஃபீல்டிங் ஆகிய மூவரைக் கொண்டு விளக்கிய இயன் வாட்டின் 1957ஆம் ஆண்டு நூலுக்கு விடையாக, 1970களிலும் 1980களிலும் எலெய்ன் ஷோவால்ட்டர், ஜேன் ஸ்பென்சர், டேல் ஸ்பெண்டர் முதலியோர் பெண் எழுத்தாளர்களை வரலாற்றுள் மீண்டும் கொணர்ந்தனர். அப்பணி பெரிது. எனினும் விடுபட்ட பெயர்களைப் பட்டியலில் சேர்ப்பதோடு அது நின்றுவிடுமாயின், வைல்ட்ஃபெல் போன்ற நூல் பட்டியலில் இருந்தும் சிதைந்த பாடமாகவே வாசிக்கப்படும். மலிவுப் பதிப்பில் இதை வாங்கும் மாணவர் முதற் பக்கத்தைப் புரட்டிப் பார்த்தல் நன்று. ஹால்ஃபோர்டுக்கு எழுதிய மடல் அங்கு இல்லாமல், 1827ஆம் ஆண்டின் இலையுதிர்காலத்தைப் பற்றிய பேச்சோடு கதை தொடங்குமாயின், அவர் கையிலிருப்பது ஹாட்ஜ்சன் வெட்டிய படி.