எதிரணி தரும் உதிரிகள்

மும்பை போலீஸ் பதிந்த ஒரு வழக்கில், 2025 மார்ச் 28 அன்று சென்னை உயர்நீதிமன்றம் இடைக்கால முன்ஜாமீன் கொடுத்தது. பிணைப் பத்திரம் எழுதித் தரச் சொன்ன இடம் நம் விழுப்புரம் மாவட்டத்து வானூர் நீதித்துறை நடுவர் மன்றம். நிலத்தகராறும் சாலை விபத்தும் பார்த்துப் பழகிய கோர்ட்டுக்கு, மகாராஷ்டிரத் துணை முதல்வரை இந்திப் பாட்டால் கேலி செய்த ஆளின் பெயர் வந்து சேர்ந்தது. பெயர் குணால் கம்ரா, ஸ்டாண்ட்அப் நகைச்சுவையாளர். 2021 முதல் தான் விழுப்புரம் மாவட்டவாசி என்று மனுவில் சொல்லியிருந்தார்.

மரக்காணத்துக்கும் புதுச்சேரிக்கும் நடுவே இருக்கும் கூனிமேட்டில் அவர் வந்து டீ குடித்துவிட்டுப் போனாலும் பலருக்கு அடையாளம் தெரியாது. அவர் ஆடுவது இந்தியில். ஆனால் அந்த வாரம் கைப்பேசிகளில் சுற்றிய ஓர் ஒலிப்பதிவுக்கு மொழிபெயர்ப்பு தேவைப்படவில்லை. மிரட்ட அழைத்தவரிடம், கம்ராவுடையது எனப் பரவிய குரல், “தமிழ்நாட்டுக்கு வா” என்கிறது. எதிர்முனையின் கோபம் தடுமாறி, தமிழ்நாட்டுக்கு எப்படி வருவது என்று வழி கேட்கிறது. அந்த வாரத்தின் ஆகச் சிறந்த நகைச்சுவை அதுதான். அதைச் சொன்னவரோ கம்ராவை உதைக்கக் கிளம்பிய ஆள்.

இந்தப் பத்தியில் வழக்கமாக மட்டையும் பந்தும் பேசுவோம். இந்த வாரம் ஆட்டக்காரர் மட்டும்தான் வேறு. ஈ.சி.ஆர். ஓரம் டென்னிஸ் பந்து ஆடும் பையன்களுக்கும் தெரிந்த விதி ஒன்று உண்டு. வைடுக்கும் நோ-பாலுக்கும் கிடைக்கும் உதிரி ரன் அணியின் மொத்தத்தில் சேரும், மட்டையாளர் பெயரில் ஏறாது. கம்ராவின் ஸ்கோர் அட்டையை அந்தக் கண்ணோடு பார்த்தால் ஒன்று தெரிகிறது. மொத்தம் பெரியது. அதில் பெரும்பங்கு எதிரணி போட்டுக் கொடுத்த உதிரி.

தொடக்கம்

1988-ல் மும்பையில் பிறந்தவர். கல்லூரியைப் பாதியில் விட்டுவிட்டு, விளம்பரப் படம் எடுக்கும் நிறுவனத்தில் பல ஆண்டுகள் வேலை பார்த்தார். 2013-ல் ஸ்டாண்ட்அப் மேடை ஏறினார். நாடு அவரைக் கவனித்தது 2017-ல், தேசபக்தியும் அரசாங்கமும் பற்றி அவர் யூடியூபில் போட்ட காணொளியில். பணமதிப்பிழப்பின் சூடு அப்போது ஆறியிருக்கவில்லை. ஏ.டி.எம். வரிசையில் நிற்கக் கால் வலிக்கிறது என்று ஒருவர் முனகினால் போதும், எல்லையில் ராணுவ வீரர் நிற்கிறாரே என்று இன்னொருவர் வாயை அடைப்பார். அந்த வாதத்தைக் கம்ரா மறுக்கவில்லை. அதையே எடுத்து, எந்தக் கேள்வி வந்தாலும் பதிலாக வைத்துக்கொண்டே போனார். மீண்டும் மீண்டும் வந்தபோது வாதம் தன்னால் கவிழ்ந்தது. எதிராளி பேசும் அதே வாக்கியத்தை அவரிடமே திருப்பித் தருவது அவருடைய இயல்பான அடி. இன்றுவரை அவருக்கு நன்றாக வருவதும் அதுவே.

அதே ஆண்டு ‘ஷட் அப் யா குணால்’ என்ற நேர்காணல் தொடரைத் தொடங்கினார். முதல் விருந்தினரே பாஜக இளைஞர் அணித் துணைத் தலைவர். பிறகு கன்னையா குமார், கெஜ்ரிவால், ஒவைசி, ரவீஷ் குமார் என்று வரிசை நீண்டது. டி.வி. விவாதங்களில் நெறியாளர் கத்துவார், விருந்தினரும் கத்துவார். இங்கே ஒருவர் சிரித்துக்கொண்டே உட்கார்ந்திருந்தார். விருந்தினர் பேச்சுக்கு நடுவே செய்திச் சேனல் துண்டுகளை வெட்டி ஒட்டிய விதமே பாதி வேலையைச் செய்தது.

மோசமான அடி

2020 ஜனவரி 28, மும்பையிலிருந்து லக்னோ போகும் இண்டிகோ விமானம். பக்கத்தில் டி.வி. நெறியாளர் அர்னாப் கோஸ்வாமி. கம்ரா கைப்பேசியை நீட்டி, நீர் கோழையா பத்திரிகையாளரா என்று கேட்டுக்கொண்டே போனார். தற்கொலை செய்துகொண்ட ஹைதராபாத் ஆய்வு மாணவர் ரோஹித் வெமுலாவுக்காகக் கேட்கிறேன் என்றார். காணொளியில், காதில் ஹெட்ஃபோனை மாட்டியிருந்த அர்னாப் வாயே திறக்கவில்லை.

அரசியலைத் தள்ளிவைத்து நிகழ்த்துகலையாக மட்டும் பார்த்தால் இது தோற்ற ஆட்டம். சிரிக்கக் கூட்டம் இல்லை, எதிராளி எழுந்துபோக இடமும் இல்லை. சீட் பெல்ட் போட்ட ஒருவர் முன்னால் நின்று பேசுவதில் நகைச்சுவைக்கு வேண்டிய சமநிலை கிடையாது. அன்று விமானத்துக்குள் நன்றாகப் பந்துவீசியவர் அர்னாப். மௌனமாக இருந்ததால் ஓர் உதிரியைக்கூட விட்டுக்கொடுக்கவில்லை.

விட்டுக்கொடுத்தவர்கள் வெளியே இருந்தார்கள். இண்டிகோ ஆறு மாதத் தடை போட்டது. விமானப் போக்குவரத்து அமைச்சர் மற்ற நிறுவனங்களும் அதையே செய்யலாம் என்றார். ஏர் இந்தியா, ஸ்பைஸ்ஜெட், கோஏர் வரிசையாகத் தடை விதித்தன. விதிப்படி உள்விசாரணைக் குழு கூடியிருக்கவே இல்லை. அந்த விமானத்தை ஓட்டிய கேப்டனே, நடந்தது ஒழுங்கீனம் என்ற வகையில் வராது என்று நிறுவனத்துக்கு எழுதினார். பிற்பாடு குழு தடையை மூன்று மாதமாகக் குறைத்தது. மோசமான அடி ஒன்று நான்கு விமான நிறுவனங்களின் தயவில் பவுண்டரிக்குப் போய்விட்டது.

அதே ஆண்டு நவம்பரில் அர்னாபுக்கு உச்ச நீதிமன்றம் ஜாமீன் கொடுத்ததும், நீதிமன்றத்தைச் சீண்டிக் கம்ரா ட்விட்டரில் எழுதினார். அவமதிப்பு வழக்குக்கு அட்டர்னி ஜெனரல் கே.கே.வேணுகோபால் ஒப்புதல் தந்தார். மன்னிப்பு கிடையாது, பதிவையும் நீக்க மாட்டேன் என்றார் கம்ரா. அந்தப் பதிவுகளின் நகைச்சுவைத் தரம் சுமார்தான். பின்வாங்காமல் நின்றதே பேசப்பட்டது.

ஓலா ஓவர்

2024 அக்டோபர். பழுதுபார்க்க வரிசையில் தூசி படிந்து நிற்கும் ஓலா ஸ்கூட்டர்களின் படத்தைக் கம்ரா பகிர்ந்தார். நம் கிருஷ்ணகிரி மாவட்டத்துப் போச்சம்பள்ளி ஆலையில் தயாராகும் வண்டிதான். நிறுவனத் தலைவர் பவிஷ் அகர்வால் சும்மா இருந்திருந்தால் மறுநாளே எல்லோரும் மறந்திருப்பார்கள். அவரோ இது காசு வாங்கிக்கொண்டு போட்ட பதிவு என்றார். தோற்றுப்போன காமெடி வாழ்க்கையில் கிடைத்ததைவிட அதிகம் தருகிறேன், வந்து பழுதுபார்க்க உதவு என்றார். மறுநாள் சந்தையில் ஓலா எலக்ட்ரிக் பங்கு 8 சதவீதத்துக்கு மேல் சரிந்தது. நுகர்வோர் பாதுகாப்பு ஆணையத்தின் நோட்டீசும் வந்தது. தேசிய உதவி எண்ணில் குவிந்திருந்த புகார்கள் 10 ஆயிரத்தைத் தாண்டியிருந்தன.

இங்கே கம்ரா போட்டது ஒரே படம். வாடிக்கையாளருக்குப் பணம் திரும்ப வருமா என்ற கேள்வியை மட்டும் விடாமல் கேட்டார். மீதி ஓவர் முழுக்க எதிரணி வைடு போட்டது.

பெயர் சொல்லாத பாட்டு

2025 மார்ச் 23-ல் ‘நயா பாரத்’ நிகழ்ச்சி யூடியூபில் ஏறியது. ‘தில் தோ பாகல் ஹை’ படப் பாட்டின் மெட்டில் ஓர் அரசியல்வாதியை வர்ணித்தார். தாடி, கண்ணாடி, ஆட்டோ, கட்சி தாவல், துரோகி என்ற சொல் எல்லாம் வந்தன, பெயர் மட்டும் வரவில்லை. கேட்பவர் தானே நிரப்பிக்கொள்ள இடம் விட்ட அந்த உத்தி விமானத்துக் கத்தலைவிடப் பல படி மேல்.

அந்த இடத்தை முதலில் நிரப்பியவர்கள் துணை முதல்வர் ஏக்நாத் ஷிண்டேயின் கட்சிக்காரர்கள். இது எங்கள் தலைவர்தான் என்று ஊருக்கே அறிவிப்பதுபோல, நிகழ்ச்சி பதிவான மும்பை ஹேபிடட் அரங்கை அன்றிரவே அடித்து நொறுக்கினார்கள். மறுநாள் மாநகராட்சி ஆட்கள் விதிமீறல் என்று சுத்தியலோடு வந்தார்கள். முதல்வர் ஃபட்னவிஸ் மன்னிப்புக் கேட்கச் சொன்னார். கேலிக்கும் எல்லை உண்டு, இது கூலி வாங்கிக்கொண்டு பேசுவதுபோல இருக்கிறது என்றார் ஷிண்டே. ஒரு தலைவரை மேடையில் துரோகி என்று பாடினால் தொண்டருக்கு வலிக்கும் என்பது உண்மைதான். ஆனால் அதே சொல்லை மகாராஷ்டிர அரசியல்வாதிகள் ஒருவர்மீது ஒருவர் வீசிய கூட்டங்களில் எந்த நாற்காலியும் உடையவில்லை.

நிதியமைச்சர் நிர்மலா சீதாராமனைக் கேலி செய்த இன்னொரு பாட்டு மெட்டுக்காக டி-சீரிஸ் காப்புரிமைப் புகார் போட்டது. புக்மைஷோ அவர் பெயரைத் தன் தளத்திலிருந்து எடுத்தது. கேட்காதவர்களும் தேடிக் கேட்க இவையே காரணமாயின.

இந்த இடத்தில் ஒரு கணக்கைச் சொல்லாமல் போக முடியாது. உதிரிகளின் லாபம் கம்ராவுக்கு, சேதம் அரங்க உரிமையாளருக்கு. அரங்கம் வெறும் மேடைதான், என் பேச்சுக்கு அது பொறுப்பல்ல என்று கம்ரா அறிக்கை விட்டார். அது சரியான வாதம். ஆனாலும் ஹேபிடட்தான் கதவைப் பூட்டியது.

கைவிட்ட கேட்ச்

2020 செப்டம்பரில் மும்பை மாநகராட்சி நடிகை கங்கனா ரனாவத்தின் அலுவலகத்தை இடித்தது. அப்போது ஆட்சியில் இருந்தது உத்தவ் தாக்கரேயின் சிவசேனை. அடுத்த மாதம் அந்தக் கட்சியின் சஞ்சய் ராவத் ‘ஷட் அப் யா குணால்’ தொடருக்கு வந்தபோது, கம்ரா பொம்மை ஜே.சி.பி.யோடு படமெடுத்துப் போட்டார். இடிப்பு கெட்ட நோக்கத்தோடு நடந்தது என்று பம்பாய் உயர்நீதிமன்றம் நவம்பரில் சொன்னது. நாலரை ஆண்டு கழித்து அதே மாநகராட்சியின் சுத்தியல் அவர் ஆடிய அரங்கின்மேல் விழுந்தது. அதிகாரத்தைக் கேலி செய்பவர், அதிகாரம் தனக்குப் பிடிக்காதவர் கட்டடத்தை இடிக்கும்போது அதன் பக்கம் உட்கார்ந்து சிரித்த இடம் அது. அவருடைய ஆட்டத்தில் நடுவர் பார்க்கத் தவறினாலும் ரசிகர் குறித்துக்கொள்ள வேண்டிய பிழை.

நம் ஊர் ஆடுகளம்

“தமிழ்நாட்டுக்கு வா” என்று சொல்வது எளிது. இந்த ஆடுகளமும் எப்போதும் மட்டையாளருக்குச் சாதகமாக இருந்ததில்லை. எம்.ஆர்.ராதாவின் நாடகங்களை மனத்தில் வைத்தே 1954-ல் நாடக நிகழ்ச்சிச் சட்டம் வந்தது என்பார்கள். 2015-ல் டாஸ்மாக்கை எதிர்த்துப் பாடிய கோவன் தேசத்துரோகப் பிரிவில் கைதானார். 2017-ல் நெல்லை ஆட்சியர் அலுவலகத் தீக்குளிப்பை வைத்துக் கார்ட்டூன் போட்ட பாலா கைதானார். 2024 செப்டம்பரில் திருப்பதி லட்டு விவகாரத்தைக் கலாய்த்த ‘பரிதாபங்கள்’ கோபியும் சுதாகரும் எதிர்ப்பு கிளம்பியதும் காணொளியை எடுத்துவிட்டு வருத்தம் தெரிவித்தார்கள். அவர்களைக் கோழை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. குழுவாகப் பிழைப்பு நடத்துபவருக்கும் தனியாளாக நிற்பவருக்கும் இழப்பின் அளவு வேறு.

கம்ராவோடு ஒப்பிட எனக்குத் தோன்றுபவர் ‘பரீக்‌ஷா’ நாடகக் குழு நடத்திய ஞாநி. நாடகப் பிரதியைப் போலீசிடம் காட்டி அனுமதி வாங்க வைத்த அந்த 1954 சட்டத்தையே அவர் கோர்ட்டுக்கு இழுத்தார். 2013-ல் சென்னை உயர்நீதிமன்றம் அதன் முக்கியப் பிரிவுகள் செல்லாது என்றது. ராதாவுக்காக வந்த சட்டத்தைத் தகர்க்க இன்னொரு நாடகக்காரர் தேவைப்பட்டார்.

மட்டையில் பட்ட ரன்

கம்ராவின் சொந்தக் கணக்கில் ஏறும் பெரிய இன்னிங்ஸும் அப்படிப்பட்டதுதான். அதில் ஒரு ஜோக்கும் கிடையாது. 2023 ஏப்ரலில் மத்திய அரசு தகவல் தொழில்நுட்ப விதிகளைத் திருத்தியது. மத்திய அரசின் பணிகள் பற்றி வலைத்தளங்களில் வரும் செய்தி போலி, பொய், திசைதிருப்புவது என்று அரசே அமைக்கும் உண்மை சரிபார்ப்புப் பிரிவு சொல்லலாம். சொன்ன பிறகும் அதை விட்டுவைக்கும் தளம் சட்டப் பாதுகாப்பை இழக்கலாம். என் தொழிலே அரசைக் கேலி செய்வது, இந்த விதி இருந்தால் என் வாய் அடைபடும் என்று கம்ரா பம்பாய் உயர்நீதிமன்றம் போனார். பத்திரிகை ஆசிரியர்கள் சங்கமும் தனியே வழக்குத் தொடுத்தது.

2024 ஜனவரி 31-ல் நீதிபதிகள் ஜி.எஸ்.பட்டேலும் நீலா கோகலேயும் ஆளுக்கொரு தீர்ப்புச் சொன்னார்கள். மார்ச் 20-ல் அரசு அந்தப் பிரிவை அறிவித்தது, மறுநாளே உச்ச நீதிமன்றம் நிறுத்திவைத்தது. மூன்றாவது நீதிபதி ஏ.எஸ்.சந்துர்கர் செப்டம்பர் 20-ல் விதி அரசமைப்புக்கு முரணானது என்று முடித்துவைத்தார். ஒன்றரை ஆண்டு நிதானமாக நின்று ஆடிய ஆட்டம். எதிரணி உதிரி எதுவும் தரவில்லை.

இதன் பலன் மும்பை மேடையோடு நிற்கவில்லை. உப்பு ஆணையர் அலுவலகம் மத்திய அரசின் கீழ் இருப்பது. மரக்காணம் உப்பளத்தில் வேலை செய்யும் ஒருவர், அரசு சொல்வது எங்கள் பிழைப்புக்குப் பொருந்தவில்லை என்று கைப்பேசியில் காணொளி போட்டால், அது பொய் என்று முத்திரை குத்தி, அந்த விதியைக் காட்டித் தளத்தை நெருக்கும் அதிகாரம் அதே அரசின் பிரிவுக்குக் கிடைக்கவில்லை. கம்ராவின் இந்திப் பாட்டு அவருக்குப் புரியாமல் போகலாம், கம்ராவை அவருக்குத் தெரியாமலும் இருக்கலாம். வழக்கின் பலன் அவருக்கும் உண்டு.

2025 ஏப்ரல் 25-ல் ‘நயா பாரத்’ வழக்கில் பம்பாய் உயர்நீதிமன்றம் கம்ராவைக் கைது செய்யத் தடை விதித்தது. விசாரிக்க வேண்டுமானால் முன்கூட்டியே சொல்லிவிட்டு, சென்னைக்குப் போய் விசாரியுங்கள் என்றது. தமிழ்நாட்டுக்கு எப்படி வருவது என்ற கேள்விக்கு நீதிமன்றமே வழி சொல்லிவிட்டது.

என் மதிப்பீடு இது. கம்ரா நல்ல நகைச்சுவையாளர், மிகச் சிறந்தவர் என்று சொல்ல இன்னும் சான்று போதாது. அரங்கை உடைக்கும் தொண்டரும் தடை போடும் நிறுவனமும் கோபப்படும் முதலாளியும் இருக்கும்வரை அவர் ஸ்கோர் ஏறிக்கொண்டே இருக்கும். ஒருநாள் எதிரணி நிதானத்துக்கு வந்து, அர்னாப்போலக் காதில் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு பேசாமல் உட்கார்ந்துவிட்டால், அன்றைக்கு அவர் எடுக்கும் ரன்தான் அவருடையது.