துறவுக் கோலத்தில் ஒரு நடிகை: கே. பி. சுந்தராம்பாளின் கலை

நடிப்பாவது தன்னை மறைத்துப் பிறராகத் தோன்றுதல் என்பர். அவ்விலக்கணத்தை அளவுகோலாகக் கொள்ளின், திரையில் ஏறத்தாழ நாற்பதாண்டுகள் பத்தியும் துறவும் கலந்த பாத்திரங்களிலேயே பெரிதும் தோன்றிய கே. பி. சுந்தராம்பாளை நடிகை என்பதா, பாடகி என்பதா என்னும் வினா எழும். அவர்தம் குரலைப் போற்றுவோர் பலர். நடிப்பை ஆராய்ந்தோர் சிலரே.

1908இல் கொடுமுடியில் பிறந்த அவர், வறுமையால் புகைவண்டியிற் பாடிப் பொருள் ஈட்டிய சிறுமி. பின்னர் வேலு நாயர் நாடகக் குழுவிற் சேர்ந்து மேடை பயின்றார். 1926இல் கொழும்பு மேடையில் எஸ். ஜி. கிட்டப்பாவுடன் இணைந்தார், மறுவருடம் அவரை மணந்தார். 1933 திசம்பரில் கிட்டப்பா மறைந்தபோது சுந்தராம்பாளுக்கு வயது இருபத்தைந்து. வெண்ணிற ஆடை பூண்டு, இனி எந்த ஆடவருடனும் இணையாக நடிப்பதில்லை எனச் சூளுரைத்தார். அவர்தம் திரைக்கலை முழுவதும் இவ்வுறுதியின் எல்லைக்குள் நிகழ்ந்தது.

ஒலிபெருக்கியில்லா மேடையில் கடைசி வரிசைக்கும் கேட்குமாறு பாடுதலே அக்கால நாடகத்தின் உயிர். முள்ளியவளையிற் கோவலன் கூத்தினை விடியும்வரை கண்டோர்க்கு இது புதிதன்று. திறந்த களரியில் முகக்குறிப்பினும் குரலே சபையை ஆளும். அங்கே ஆண் பெண்ணாகலாம், பெண் ஆணாகலாம், சபை அதனை ஏற்கும்.

சினிமாவோ முகத்தை அண்மையிற் காட்டுவது. இவ்வேறுபாட்டை உணராமல் எடுக்கப்பெற்றதே 1935இல் வெளிவந்த ‘பக்த நந்தனார்’. அதற்கு அவர் பெற்ற ஊதியம் ஓர் இலட்சம் ரூபாய். அக்காலத்தில் அது வியத்தற்குரிய தொகை. ஆயினும் மேடை வழக்கால் மன்னிக்கப்படும் ஆண்வேடம் திரையில் வேடமாகவே நின்றது. பாட்டில் உருகிய நந்தனார் பார்வையில் உருகவில்லை. குறை நடிகையிடம் மட்டுமன்று. களரியின் மரபை மாற்றமின்றிப் படச்சுருளில் ஏற்ற முயன்றோரிடமும் உண்டு.

1953இல் ஜெமினி நிறுவனம் வெளியிட்ட ‘ஔவையார்’ அக்குறையை நீக்கியது. மணவாழ்வை வேண்டாத இளம்பெண் முதுமையை வரமாகப் பெறுதல் ஔவையின் கதை; இருபத்தைந்தில் வெள்ளாடையைத் தாமே ஏற்றவர் சுந்தராம்பாள். பாத்திரமும் நடிகையும் பொருந்தியதன் காரணம் இதுவே. ஆயினும் அப்படம் குறையற்றதன்று. அற்புதத்தின்மேல் அற்புதம் நிகழ்கின்றது; யானைத்திரள் கோட்டையைத் தகர்க்கும் காட்சியே மக்கள் நினைவில் விஞ்சி நிற்கின்றது. வெல்வதையன்றி வேறறியா ஔவைக்கு உள்ளப் போராட்டமில்லை. போராட்டமில்லாவிடத்து நடிப்புக்கு வேலை குறைவு.

அவ்வேலை கிடைத்தது 1964இல் வெளிவந்த ‘பூம்புகார்’ படத்தில். கவுந்தியடிகள் துறவியே, எனினும் பிறர் துயரைச் சுமக்கும் துறவி. கண்ணகியையும் கோவலனையும் மதுரைக்கு வழிநடத்தி, அவர்களைக் காக்க இயலாது தோற்றவர். அறம் அறிந்தும் அல்லலைத் தடுக்க முடியாத ஒருவரின் வேதனைக்குச் சுந்தராம்பாளின் குரலிலுள்ள கரகரப்பும் முகத்தின் இறுக்கமும் துணையாயின. வற்றாப்பளையிற் கண்ணகியைத் தெய்வமாக வணங்கும் வன்னி மக்களுக்கு, அத்தெய்வம் மானிடப் பெண்ணாய் நடந்த வழியில் உடன் நடந்த முதியவளின் துன்பம் எளிதில் விளங்கும்.

பின்னர் ‘திருவிளையாடல்’ (1965), ‘கந்தன் கருணை’ (1967) ஆகியவற்றில் மீண்டும் ஔவையாகவே அழைக்கப்பெற்றார். ‘துணைவன்’ படப் பாடலுக்குத் தேசிய விருதும், 1970இல் பத்மஸ்ரீ விருதும் கிடைத்தன. 1980இல் மறைந்தார். மக்கள் அவரை வணங்கினர். அவ்வணக்கமே அவருக்குப் புதிய பாத்திரங்களை மறுத்தது எனலாம். சூளுரை அவர் தாமே இட்ட வேலி. அதனினும் குறுகிய வேலியைப் படமுதலாளிகள் இட்டனர். முன்னையதற்குள் நின்று அவர் கவுந்தியைப் படைத்தார்; பின்னையதற்குள் நின்று ஔவையைத் திரும்பத் திரும்பப் பாடினார். அவரை நடிகையென நிலைநாட்டக் கவுந்தி ஒன்றே போதும். அத்தகைய பாத்திரம் மேலும் சில வாயாமை தமிழ்த்திரையின் இழப்பேயாகும்.